மூளை இல்லாத உயிர் நினைவை எங்கே வைத்துக்கொள்கிறது?

கேள்வி இது: மூளையே இல்லாத ஒரு செல் உயிரி புதிர்ப்பாதையில் வழி கண்டுபிடிக்கிறது, செடி எண்ணுகிறது, பாக்டீரியா முடிவெடுக்கிறது என்றெல்லாம் செய்திகள் வருகின்றன. இதெல்லாம் உண்மையிலேயே அறிவா, இல்லை சாதாரண வேதிவினையை ஊதிப் பெருக்கிச் சொல்கிறார்களா?

இரண்டுமே நடக்கிறது. சோதனைகளில் பல உண்மையானவை, திரும்பச் செய்து பார்க்கப்பட்டவை. தலைப்புகள்தான் எகிறிக் குதிக்கின்றன. "அறிவா இல்லையா" என்று நேரே இறங்கினால் ஆளுக்கொரு அர்த்தத்தை வைத்துக்கொண்டு சண்டை போடுவதில்தான் போய் முடியும். அதனால் ஒவ்வொரு உயிரிடமும் நான் கேட்டுப் பார்ப்பது வேறொன்று: சற்றுமுன் நடந்ததை இது எங்கே வைத்திருக்கிறது? தண்ணீரும் பள்ளத்துக்கு வழி கண்டுபிடிக்கத்தான் செய்கிறது. அதற்காக அது புதிரை அவிழ்த்தது என்று நாம் சொல்வதில்லை, ஏனென்றால் நேற்று எந்தப் பக்கம் ஓடியது, இன்று எங்கே போக வேண்டும் என்கிற கணக்கெல்லாம் தண்ணீருக்குக் கிடையாது. உயிரிடம் அந்தக் கணக்கு இருக்கிறது. மூளை இல்லாதபோது அதை எழுதிவைத்திருக்கும் இடத்தை விரல் வைத்தே காட்டிவிடலாம். இந்த விஷயத்தில் எனக்குப் பிடித்ததே அதுதான்.

எல்லோரும் தொடங்கும் இடத்திலேயே தொடங்குகிறேன்: பைசாரம் பாலிசெபாலம் என்ற சளிப்பூஞ்சை. பெயரில் பூஞ்சை இருந்தாலும் இது அமீபா வகையறா. காட்டில் மட்கும் மரத்துண்டுகளிலும் இலைக்குப்பையிலும் மஞ்சள் வலையாகப் படர்ந்திருக்கும். அந்த வலை முழுக்க ஒரே செல், உள்ளே கணக்கில்லாத உட்கருக்கள். உள்ளங்கை அளவுக்கும் அதற்கு மேலும் வளரும். நரம்பு என்று ஒன்றுமே கிடையாது.

2000-ம் ஆண்டில் ஜப்பானைச் சேர்ந்த தோஷியுகி நகாகாகியும் கூட்டாளிகளும் இதை ஒரு புதிர்ப்பாதைக்குள் விட்டார்கள். ஈரமான அகர் (கடற்பாசியிலிருந்து எடுக்கும் ஜெல்லி) தரை, அதன் மேல் பிளாஸ்டிக் தாளில் வெட்டிய சுவர்கள். சளிப்பூஞ்சைக்கு வறண்ட இடம் ஆகாது, அதனால் சுவர் மேல் ஏறாது. இங்கே பலர் தவறவிடுகிற ஒரு விவரம் உண்டு. எலியை விடுவதுபோல இதை ஒரு வாசலில் விடவில்லை. சிறு சிறு துண்டுகளைப் பாதை முழுக்கப் போட்டு, அவை ஒன்றாகச் சேர்ந்து எல்லாச் சந்துகளையும் நிரப்பும்வரை காத்திருந்தார்கள். அதன்பிறகே இரண்டு முனைகளில் ஓட்ஸ் வைத்தார்கள். சில மணி நேரத்தில் முட்டுச்சந்துகளில் இருந்த கிளைகள் மெலிந்து பின்வாங்கின. இன்னும் சில மணி நேரம் போனபின் இரண்டு ஓட்ஸ் கட்டிகளையும் இணைக்கும் தடித்த குழாய் ஒன்று மட்டும், பெரும்பாலும் குறுகிய பாதையிலேயே, எஞ்சியது. பாதையின் ஒரு பகுதியில் இருந்த இரண்டு வழிகளும் கிட்டத்தட்ட ஒரே நீளம். அங்கே மட்டும் சிலமுறை இது, சிலமுறை அது என்று மாறி மாறி வந்தது. ஆக, தெளிவான வித்தியாசம் இருந்தால் கண்டுகொள்கிறது, நூலிழை வித்தியாசத்தைக் கண்டுகொள்வதில்லை.

இது எப்படி நடக்கிறது என்றால், அந்த வலையின் ஒவ்வொரு இழையும் ஒரு குழாய். குழாய்ச் சுவர் சுருங்கிச் சுருங்கி விரிய, உள்ளே இருக்கும் திரவம் ஒரு பக்கம் ஓடும். ஒன்றிரண்டு நிமிடத்தில் திசை மாறி மறுபக்கம் ஓடும். நுண்ணோக்கியில் பார்த்தால் துகள்கள் விறுவிறுவென்று போய், ஒரு கணம் நின்று, வந்த வழியே திரும்புவது தெரியும். உணவு பட்ட இடத்தில் துடிப்பு வேகமாகும், குழாய் இளகும், ஓட்டம் கூடும். ஓட்டம் கூடின குழாய் தடிக்கும், தடித்த குழாயில் இன்னும் அதிகமாக ஓடும். ஓட்டம் குறைந்தது மெலிந்துகொண்டே போய்க் காணாமல் போகும். ஆள் நடக்க நடக்க ஒற்றையடிப் பாதை தெளிவதும் நடக்காவிட்டால் புல் மூடுவதும் மாதிரிதான். நீளமான வழியில் தடை அதிகம், ஓட்டம் குறைவு, அதனால் அது தோற்றுவிடும். எந்த வழி குட்டை என்று மேலிருந்து பார்த்துச் சொல்ல யாரும் தேவைப்படவில்லை.

அப்படியானால் நினைவு எங்கே? குழாயின் பருமனில். 2021-ல் மிர்னா கிராமர், கரேன் ஆலிம் என்ற இரண்டு ஆய்வாளர்கள் இதை நேராகவே காட்டினார்கள். உணவு ஒரு பக்கம் கிடைத்தால் அந்தப் பக்கத்துக் குழாய்கள் தடிக்கின்றன. உணவு தீர்ந்தபிறகும் அந்தத் தடிப்பு அப்படியே நிற்கிறது. அடுத்து எந்தத் திசையில் நகர்வது என்பதில் அந்தப் பழைய தடிப்புக்கும் பங்கு உண்டு. அதாவது எங்கே சாப்பாடு கிடைத்தது என்ற செய்தி உடலின் வடிவமாகவே எழுதப்பட்டிருக்கிறது.

2010-ல் வந்த டோக்கியோ ரயில் சோதனையையும் கேள்விப்பட்டிருப்பீர்கள். டோக்கியோவையும் சுற்றியுள்ள ஊர்களையும் குறிக்கும் 36 இடங்களில் ஓட்ஸ் வைத்தார்கள். மலை, கடல் போன்ற தடைகளுக்குப் பதிலாக வெளிச்சம் பாய்ச்சினார்கள், ஏனென்றால் இதற்கு வெளிச்சம் பிடிக்காது. ஒரு நாளைக்குச் சற்று மேல் ஆனதும் மிஞ்சிய வலை, செலவு, சுற்றுவழி, ஒரு இணைப்பு அறுந்தால் தாங்கும் திறன் ஆகியவற்றில் நிஜ ரயில் பாதைக்கு ஈடாக இருந்தது. "சளிப்பூஞ்சை ரயில் பாதையை வடிவமைத்தது" என்று செய்தி போட்டார்கள். அது கொஞ்சம் அதிகம். ஊர்களை எங்கே வைப்பது, எது மலை என்பதெல்லாம் மனிதர் முடிவு. தன் உடலைச் சிக்கனமாக, அறுந்தாலும் சமாளிக்கும்படி பரப்பிக்கொள்வது மட்டும் இதன் வேலை. ஆனால் அந்த வேலையை அது மிக நன்றாகச் செய்கிறது. அந்தக் குழாய் விதியைச் சமன்பாடாக்கி, வலைப்பின்னல் வடிவமைக்கும் கணக்கு முறையாகவும் அதே கட்டுரையில் கொடுத்திருக்கிறார்கள்.

என்னைக் கேட்டால் இந்த இரண்டையும்விட 2012-ல் கிறிஸ் ரீட் குழுவினர் செய்தது முக்கியமானது, அதிகம் பேசப்படாதது. ஓட்ஸுக்கு நேர் எதிரே 'ப' வடிவத்தில் ஒரு தடுப்பு வைத்தார்கள். வாசனையை நோக்கி நேராகப் போனால் உள்ளே மாட்டிக்கொள்வோம். வெளியே வர, முதலில் உணவை விட்டு விலகிப் போக வேண்டும். எளிய ரோபோக்களைத் திணறடிக்கும் பொறி இது. சுத்தமான அகரில் விட்டபோது 96 சதவீதம் சளிப்பூஞ்சைகள் தப்பித்து உணவைச் சேர்ந்தன. எப்படி என்று பார்த்தால், இது போகுமிடமெல்லாம் சளி போன்ற கோழையை விட்டுச் செல்கிறது. ஏற்கெனவே கோழை இருக்கும் இடத்துக்குத் திரும்பப் போவதைத் தவிர்க்கிறது. இதைச் சரிபார்க்க, தரை முழுவதும் முன்கூட்டியே கோழையைப் பூசிவிட்டுச் சோதித்தார்கள். அப்போது 33 சதவீதம்தான் தப்பின. போன இடம் எது, போகாத இடம் எது என்பது தெரியாமல் அதே மூலையில் சுற்றிக்கொண்டிருந்தன. இங்கே நினைவு உடலுக்குள்ளேகூட இல்லை, தரையில் கிடக்கிறது.

இதே உயிரிடம் மூன்றாவதாக ஒரு நினைவும் உண்டு. பிரான்ஸில் ஆட்ரி துசுதூர் ஆய்வகத்தில், உணவுக்குப் போகும் அகர் பாலத்தில் குயினைனோ காஃபினோ கலந்தார்கள். ஆபத்தில்லாத அளவுதான், ஆனால் கசப்பு. முதல் நாள் சளிப்பூஞ்சை தயங்கித் தயங்கி, மெல்லிய ஒரே விரலை நீட்டித்தான் பாலத்தைத் தாண்டியது. ஆறாவது நாளில் சாதாரணப் பாலத்தில் போவதுபோலப் போனது. அலுத்துப்போய்ச் செயலிழந்ததா என்ற சந்தேகம் வரும். இல்லை, குயினைனுக்குப் பழகியது காஃபினைக் கண்டால் பழையபடி தயங்கியது. இரண்டு நாள் இடைவெளி விட்டால் குயினைன் பயமும் திரும்பி வந்தது. நரம்புள்ள விலங்குகளில் 'பழகிப்போதல்' என்று நாம் சொல்வதற்கு வைக்கும் நிபந்தனைகள் இவையேதான்.

அப்புறம் இன்னும் விசித்திரம். உப்புக்குப் பழகிய ஒன்றையும் பழகாத ஒன்றையும் அருகருகே வைத்தால் ஒன்றாக இணைந்துவிடும். மூன்று மணி நேரம் கழித்துப் பிரித்தால், பழகாததும் பழகியதுபோல நடந்துகொள்கிறது. ஒரு மணி நேரத்தில் பிரித்தால் ஒன்றும் ஆவதில்லை, ஏனென்றால் இரண்டுக்கும் இடையே குழாய் உருவாக நேரம் வேண்டும். பிறகு 2019-ல் காரணம் தெரிந்தது: பழகும்போது அது உப்பை உள்ளே இழுத்துச் சேர்த்துக்கொள்கிறது. நேரடியாக உப்பை உள்ளே செலுத்தினாலும் 'பழகிவிடுகிறது'. ஒரு மாதம் காய்ந்து உறங்கி எழுந்த பிறகும் அந்தப் பழக்கம் நிற்கிறது. "அடச்சே, உப்பு சேர்ந்ததுதானா, இதுவா நினைவு" என்று சிலருக்குச் சப்பென்று ஆகலாம். எனக்கு அப்படித் தோன்றவில்லை. நம் மூளையிலும் நினைவு என்பது கடைசியில் ஏதோ ஒரு பொருள் எங்கேயோ கூடியோ குறைந்தோ இருப்பதுதான். இதில் அது எந்தப் பொருள் என்று தெரிந்துவிட்டது, அவ்வளவே.

இன்னும் சின்னதற்குப் போவோம். குடலில் வாழும் ஈ. கோலை பாக்டீரியா. சுமார் 2 மைக்ரோமீட்டர் நீளம். அதற்குச் சர்க்கரை எந்தப் பக்கம் அதிகம் என்று கண்டுபிடிக்க வேண்டும். தலைக்கும் வாலுக்கும் இடையே உள்ள தூரம் மிகக் குறைவு என்பதால், இந்த முனையில் எவ்வளவு, அந்த முனையில் எவ்வளவு என்று ஒப்பிடுவது அதற்கு நம்பத்தக்க வழியில்லை. அதனால் அது காலத்தில் ஒப்பிடுகிறது: இப்போது எவ்வளவு, சில நொடிக்கு முன் எவ்வளவு?

ஹோவர்ட் பெர்க்கும் டக்ளஸ் பிரவுனும் 1972-ல் ஒரு தனிப் பாக்டீரியாவைப் பின்தொடரும் நுண்ணோக்கி கட்டி இதன் நடையைப் பதிவு செய்தார்கள். கசையிழைகள் (நீந்த உதவும் வால் போன்ற இழைகள்) ஒரு திசையில் சுழன்றால் நேராக நீந்தும், சுமார் ஒரு நொடி. சுழற்சி மாறினால் குட்டிக்கரணம் போட்டு, ஏதோ ஒரு புதுத் திசையில் கிளம்பும். திசையைத் தேர்ந்தெடுக்க அதற்குத் தெரியாது. ஆனால் நிலைமை முன்னேறினால் குட்டிக்கரணத்தைத் தள்ளிப்போடத் தெரியும். நல்ல திசையில் நீண்ட ஓட்டம், கெட்ட திசையில் குட்டை ஓட்டம். மொத்தத்தில் சர்க்கரைப் பக்கம் போய்ச் சேர்ந்துவிடும்.

'சில நொடிக்கு முன்' என்பது இங்கே எங்கே இருக்கிறது? சர்க்கரையை உணரும் ஏற்பிப் புரதங்களில் ஒட்டியிருக்கும் மெத்தில் குழுக்கள் என்ற சின்னஞ்சிறு வேதித் துண்டுகளில். சர்க்கரை வந்து ஒட்டியவுடன் ஏற்பியின் நிலை உடனே மாறுகிறது. அதைச் சமன் செய்ய ஒரு நொதி மெதுவாக மெத்தில் குழுக்களை ஏற்றும், இன்னொன்று கழற்றும். இந்த வேலை சில நொடி பின்தங்கியே நடக்கும். அந்தப் பின்தங்கல்தான் நினைவு. ஏற்றும் நொதி இல்லாத திரிபுகள் நேராக நீந்திக்கொண்டே இருக்கும், கழற்றும் நொதி இல்லாதவை குட்டிக்கரணம் போட்டுக்கொண்டே இருக்கும். இரண்டுக்கும் கண்முன்னே சர்க்கரை இருந்தும் போய்ச் சேரத் தெரியாது.

செடிகளில், வீனஸ் ஈப்பொறி எண்ணுகிறது என்பது உண்மை. பொறிக்குள் இருக்கும் முடியை ஒரு முறை தொட்டால் ஒன்றும் நடக்காது. அரை நிமிடத்துக்குள் இரண்டாவது தொடல் வந்தால் மூடும். முதல் தொடலில் செல்களுக்குள் கால்சியம் ஏறுகிறது, பிறகு மெல்ல வடிகிறது. வடிவதற்குள் இரண்டாவது தொடல் வந்தால்தான் அளவு எல்லையைத் தாண்டும். இதை 2020-ல், கால்சியம் ஏறினால் ஒளிரும் புரதத்தை வைத்துக் கண்ணாலேயே பார்த்துவிட்டார்கள். மழைத்துளிக்கு வாயை மூடிச் சக்தியை வீணாக்காமல் இருக்க இது போதும். மூடிய பிறகும் எண்ணிக்கை தொடர்கிறது. உள்ளே மாட்டிய பூச்சி துடிக்கத் துடிக்க, ஐந்து தொடல் அளவுக்கு வந்தபின்தான் செரிமான நொதிகளைச் சுரக்கும் வேலையை முடுக்குகிறது என்று ஜெர்மனியில் ரெய்னர் ஹெட்ரிச் குழு 2016-ல் காட்டியது. பூச்சி எவ்வளவு துள்ளுகிறதோ அவ்வளவு செலவு.

செடி விஷயத்தில் ஒரு எச்சரிக்கையும் சொல்லியாக வேண்டும். தொட்டாற்சுருங்கியைத் திரும்பத் திரும்பச் சின்ன உயரத்திலிருந்து விழவைத்தால் இலை மூடுவதை நிறுத்திவிடுகிறது, அந்தப் பழக்கம் ஒரு மாதம் கழித்தும் இருக்கிறது என்று மோனிகா கக்லியானோ குழு 2014-ல் எழுதியது. 2016-ல் அவரே பட்டாணிச் செடி மின்விசிறிக் காற்றையும் வெளிச்சத்தையும் தொடர்புபடுத்திக் கற்றுக்கொள்கிறது என்றார். மணியோசை கேட்டு எச்சில் விடும் நாய் கதைக்கு நிகரான பெரிய கூற்று அது. 2020-ல் இன்னொரு ஆய்வாளர் அதிக எண்ணிக்கையில் செடிகளை வைத்துத் திரும்பச் செய்தபோது அந்தப் பலன் வரவில்லை. பட்டாணி கற்றுக்கொள்கிறது என்று இப்போதைக்கு நான் சொல்ல மாட்டேன். செடிக்கு உணர்வு இருக்கிறது, வலி தெரியும் என்ற பேச்சுக்கு ஆதாரம் இன்னும் மெலிவு. ஈப்பொறியின் கணக்கு உறுதியாக நிற்கிறது என்பதற்காக இவையெல்லாம் கூடவே நிற்பதில்லை.

திரும்பச் செய்ததில் தோற்று, மறுபடி வென்ற கதை ஒன்றும் உண்டு. ஸ்டென்டர் என்பது குளத்தில் வாழும், ஊதுகுழல் வடிவ ஒரு செல் உயிரி. 1900-களின் தொடக்கத்தில் ஹெர்பர்ட் ஜென்னிங்ஸ் என்ற அமெரிக்கர் அதன் வாய்ப்பக்கம் சிவப்புச் சாயத்தூளைக் கொட்டிக்கொண்டே இருந்தார். முதலில் வளைந்து விலகியது. தொல்லை நிற்காதபோது குறு இழைகளைத் திருப்பிச் சுழற்றித் தூளைத் தள்ளியது. அதுவும் பலிக்காதபோது ஒட்டியிருந்த இடத்தோடு சுருங்கியது. கடைசியில் பிடியை விட்டு நீந்திப் போய்விட்டது. தொல்லை அதேதான், பதில் மட்டும் படிப்படியாக மாறியது. 1967-ல் ஒருவர் இதைத் திரும்பச் செய்து வரவில்லை என்றார், விஷயம் மறக்கப்பட்டது. பிறகுதான் அவர் பயன்படுத்தியது வேறு ஸ்டென்டர் இனம் என்று கவனித்தார்கள். 2019-ல் ஹார்வர்டில் சரியான இனத்தை எடுத்து, சாயத்துக்குப் பதில் நுண்ணிய பிளாஸ்டிக் மணிகளைத் தூவிப் பார்த்தார்கள். உயிருக்கு உயிர் நடத்தை மாறினாலும், ஜென்னிங்ஸ் சொன்ன வரிசை மொத்தத்தில் தெரிந்தது. சுருங்கிய பிறகு மறுபடி சுருங்குவதா, பிடியை விட்டுப் போவதா என்பது மட்டும் நாணயம் சுண்டுவதுபோலச் சரிபாதி வாய்ப்பில் இருந்தது. அந்தப் படிநிலை செல்லுக்குள் எந்த மூலக்கூறில் எழுதப்பட்டிருக்கிறது என்று விரல் வைத்துக் காட்டுவதுதான் இங்கே மிச்சம்.

நரம்பு உண்டு, மூளை இல்லை என்ற இடைப்பட்ட கூட்டத்தையும் ஒரு வரியில் சொல்லிவிடுகிறேன். கரீபியக் கடலின் அலையாத்தி வேர்களுக்கிடையே வாழும், 24 கண்கள் கொண்ட ஒரு சிறிய பெட்டி ஜெல்லிமீன், மங்கலாகத் தெரியும் வேரில் சிலமுறை முட்டிய பிறகு முட்டாமல் விலகக் கற்றுக்கொள்கிறது என்று 2023-ல் காட்டினார்கள். அதுவும் சில நிமிடப் பயிற்சியில்.

இவ்வளவும் முடியுமென்றால் மூளை எதற்கு? புதிர்ப்பாதைக்கே திரும்பிப் பார்த்தால் பதில் கிடைக்கும். சளிப்பூஞ்சை எல்லாச் சந்துகளிலும் தானே போய் நின்றபிறகுதான் எதை விடுவது என்று தீர்ந்தது. கேள்விக்கு விடை காண அந்தக் கேள்வி முழுவதையும் உடலால் நிரப்ப வேண்டியிருந்தது. அதுவும் மணிக்கணக்கில். எலி இரண்டு வழி பிரியும் இடத்தில் ஒரு கணம் நிற்கும். அப்போது அதன் மூளையில் இடங்களை நினைவில் வைக்கும் பகுதியான ஹிப்போகாம்பஸில், இந்த வழியில் போனால் வரும் இடங்களுக்கான செல்கள் வரிசையாக மின்னும், பிறகு அந்த வழிக்கானவை மின்னும். கால் நகரவே இல்லை. இல்லாத இடத்தை, வராத நேரத்தை உடலை அனுப்பாமல் பார்த்துவருவது மூளையின் வேலை. சளிப்பூஞ்சையிடம் அதற்கு அருகில் வருவது ஒன்றுதான் தெரியும்: ஒரு மணி நேரத்துக்கு ஒருமுறை மூன்று தடவை குளிரும் வறட்சியும் கொடுத்து நிறுத்தினால், நான்காவது தடவை வரவேண்டிய நேரத்தில் பல தானாகவே வேகத்தைக் குறைத்துக்கொண்டன. 2008-ல் வந்த இதை உள்ளே ஓடும் பலவித ரசாயனத் துடிப்புகள் அந்த இடைவெளியோடு ஒத்திசைந்ததாக விளக்குகிறார்கள். எதிர்பார்ப்பு என்று சொல்லலாம், திட்டம் என்று சொல்ல முடியாது.

ஆகவே உங்கள் கேள்விக்கு என் பதில்: வேதிவினையா அறிவா என்று பிரிப்பதே சரியில்லை, வேதிவினையால் ஆன சிறிய அளவு அறிவு இது. வேகம், தூரம், கற்பனை மூன்றிலும் குறைவு. ஆனால் முடிவெடுப்பதில் நம்மிடம் காணும் கோணல்கூட இதனிடம் இருக்கிறது. டான்யா லாட்டியும் மேடலின் பீக்மனும் 2011-ல் சளிப்பூஞ்சைக்கு இரண்டு தெரிவுகள் கொடுத்தார்கள்: சத்து அதிகம் ஆனால் வெளிச்சத்தில் இருக்கும் உணவு, சத்து குறைவு ஆனால் இருட்டில் இருக்கும் உணவு. இரண்டுக்கும் சரிசமமாகப் பிரிந்தன. பிறகு இருட்டிலேயே இன்னும் சத்துக் குறைந்த மூன்றாவது ஒன்றை வைத்தார்கள். அதை யார் எடுக்கப்போகிறார்கள்? அனேகமாக யாரும் எடுக்கவில்லை. ஆனால் அது பக்கத்தில் வந்ததும், இருட்டில் இருந்த நடுத்தர உணவுக்குக் கூட்டம் சேர்ந்துவிட்டது. கடையில் யாரும் வாங்காத மூன்றாவது மாடலை வைத்து இரண்டாவதை விற்பார்களே, அதே விளைவு.